பாலத்துக்கு அப்பால் உடைந்த தேங்காய்

“ஒங்கம்மாவுக்கே செவப்பு ஐசி. சொந்தமா ஒரு நாடு இல்ல. நீ எங்களுக்கு நாடு காட்டப் போறியா?”

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஒரு பயண நிறுவனத்தில் எனக்கு வேலை கிடைத்த வாரம், காப்பாரில் எங்கள் வீட்டு வாசலில் நின்று லோரி மாமா இப்படிக் கேட்டார். சிரித்துக்கொண்டேதான் கேட்டார். அவருக்குத் தேநீர் கொண்டுவந்த அம்மாவும் சிரித்தார். நான் சிரிக்கவில்லை.

லோரி மாமா எங்களுக்கு உறவில்லை. எண்ணெய் ஆலைக்குச் செம்பனைப் பழம் ஏற்றும் லோரிகள் வைத்திருக்கிறார். அதில் ஒன்றில் அப்பா கெலிண்டான். டிரைவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்துபோய், சாமான் ஏற்றி இறக்கி, கயிறு கட்டி, லோரி பின்னால் வரும்போது கையைத் தட்டிக் கத்துகிற வேலை. நான் பிறப்பதற்கு முன்னாலிருந்தே அப்பாவுக்கு அதுதான் வேலை. ஆகையால் மாமா எங்கள் வாசலில் நின்று எதையும் கேட்கலாம்.

அம்மா ஒரு தோட்டத்தில் பிறந்தவர். பிறந்ததை யாரும் போய்ப் பதியவில்லை. சூராட் பெரானாக் என்கிற பிறப்புச் சான்றிதழ் இல்லாத பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கவில்லை. பெரியவளானபின் எப்படியோ சிவப்பு ஐசி, அதாவது சிவப்பு அடையாள அட்டை, கிடைத்தது. சிவப்பு அட்டை என்றால் இங்கே இருக்கலாம், வேலை செய்யலாம், கல்யாணத்தைப் பதிவு செய்யலாம். ஓட்டுப் போட முடியாது. பாஸ்போர்ட் எடுக்க முடியாது. குடியுரிமை உள்ளவர்களுக்கான நீல அட்டைக்கு அம்மா எழுதிப் போடுவார், இல்லை என்று பதில் வரும், மறுபடியும் எழுதிப் போடுவார். அதாவது நான் எழுதிப் போடுவேன், அம்மா பெருவிரலை வைப்பார். அப்பாவிடம் நீல அட்டை இருந்ததால் எனக்கும் நீலம். எங்கள் வீட்டில் பள்ளிக்கூட வாசலை மிதித்த முதல் ஆள் நான். டிப்ளமோ வாங்கிய முதல் ஆளும் நான்தான். தமிழ், மலாய், ஆங்கிலம் மூன்றிலும் நன்றாக எழுதுவேன். இதைச் சொல்லிக்கொள்ள எனக்குக் கூச்சம் இல்லை.

அலுவலகம் ஒரு வாழையிலைச் சாப்பாட்டுக் கடைக்கு மேல்மாடி. காலையில் கிள்ளான் ஸ்டேஷனில் மோட்டார் சைக்கிளை விட்டுவிட்டு, கொமியூட்டர் ரயிலில் கேஎல் சென்ட்ரல் வந்து, நடந்து வருவேன். படியேறும்போதே கீழேயிருந்து தாளிக்கும் வாசனை கூடவே ஏறி வரும். நான் சேர்ந்தபோது எங்கள் வியாபாரம் பெரும்பாலும் தமிழ்நாட்டுக் கோயில் யாத்திரை. பிறகு மக்களுக்கு ஆசை மாறியது. வாட்ஸ்அப்பில் யாராவது பனியில் நின்று படம் போட்டால், அடுத்த நாளே நாலு பேர் படியேறி வந்து “அங்க போவணும், ஆனா இன்னும் யாரும் போவாத எடமா இருக்கணும்” என்பார்கள்.

ஐரோப்பாவும் ஆசியாவும் முட்டிக்கொள்ளும் ஒரு மலைப் பகுதிக்கு எங்கள் முதலாளி குழுக்களை அனுப்ப ஆரம்பித்தார். அங்கே ஒரு நாடு. அந்த நாட்டிலிருந்து முன்னொரு காலத்தில் சண்டை போட்டுப் பிரிந்துபோன இன்னொரு துண்டு. அந்தத் துண்டுக்குக் கொடி இருக்கிறது, ராணுவம் இருக்கிறது, அமைச்சர்கள் இருக்கிறார்கள், தபால்தலைகூட இருக்கிறது. ஆனால் உலகத்தில் ஏறக்குறைய யாரும் அதை நாடு என்று ஒப்புக்கொள்வதில்லை. அதன் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால் அங்கே ஒருத்திக்குத் தொல்லை.

“மேப்ல இல்லாத நாடு! ஒரு நாள் உள்ள பூந்து பாத்துட்டு சாயங்காலம் வெளிய வந்துடலாம். இத யாரு விக்கிறா சொல்லு?” என்றார் முதலாளி. யாரும் விற்கவில்லை என்பது உண்மைதான்.

விளம்பரத்தை நான் எழுதினேன். உள்ளூர் ஆளைத் தேடிப் பிடித்ததும் நான்தான். அவள் அந்தத் துண்டில் வழிகாட்டி உரிமம் வைத்திருந்த சிலரில் ஒருத்தி. என் வயதுதான் இருக்கும். யாரும் சொல்லிக்கொடுக்காமல் தானே ஆங்கிலம் கற்றவள். எழுதும்போது ஒரு சொல்லும் வீணாக்கமாட்டாள். எங்கள் குழு என்னென்ன பார்க்கும் என்று படங்கள் அனுப்பினாள். ரயில் வராத ஒரு பெரிய ரயில் நிலையம். கூரையில்லாத அமைச்சகக் கட்டடம். குண்டு துளைத்த சுவரை அப்படியே விட்டுவிட்டு, உள்ளே மட்டும் வெள்ளையடித்த ஓட்டல்.

“இதெல்லாம் பார்க்க ஏன் வருகிறார்கள் என்று எனக்குத் தெரியும். வரட்டும். வந்தால்தான் நாங்கள் இருக்கிறோம் என்று தெரியும்” என்று எழுதினாள்.

என் விளம்பரத்தை அவளுக்கு அனுப்பினேன். தமிழில் இருந்ததால் வெறும் படமாகப் பார்த்தாள். உடனே கேள்வி வந்தது. ‘இந்தச் சொல்லைச் சுற்றி மட்டும் ஏன் சின்னக் கோடுகள் போட்டிருக்கிறாய்? அது நாடு என்ற சொல்லா?’

ஆமாம், மேற்கோள் குறிகளுக்குள் ‘நாடு’ என்றுதான் போட்டிருந்தேன். செய்திகளில் எல்லாரும் அப்படித்தான் போடுகிறார்கள், பின்னால் வம்பு வராமலிருக்க என்று பதில் எழுதினேன். பிறகு ஒரு படம் வந்தது. அவளுடைய பாஸ்போர்ட். ஒரே ஒரு எல்லையைத் தவிர வேறு எங்கும் செல்லாத பாஸ்போர்ட். அதன் அட்டையில் எந்தச் சின்னக் கோடும் இல்லை.

எனக்கு அம்மாவின் அட்டை ஞாபகம் வந்தது. அவளுக்கு அதைப் பற்றி எழுதினேன். அதுவரை வெளியாள் யாரிடமும் சொன்னதில்லை. ‘அப்படியானால் உனக்குப் புரியும்’ என்று மட்டும் பதில் எழுதினாள். அன்றே விளம்பரத்தில் அந்தக் குறிகளை எடுத்துவிட்டேன். முதலாளி பார்த்துவிட்டு மறுபடி போடச் சொன்னார். அச்சுக்குப் போகும்போது நான் போடவில்லை. அவரும் அதற்குள் மறந்துவிட்டார்.

லோரி மாமாவும் அத்தையும் அந்தப் பயணத்துக்குப் பெயர் கொடுத்தார்கள். மகன் ஆஸ்திரேலியாவில் செட்டில் ஆகிவிட்டார், இருவரும் ஊர் சுற்றாமல் என்ன செய்வார்கள்? மாமா என் மேசைக்கு எதிரில் உட்கார்ந்து, சுவரில் இருந்த விளம்பரத்தை உரக்கப் படித்தார்.

“நீ எழுதுனதா?”

“ஆமா மாமா.”

“நல்லாத்தான் எழுதிருக்கே. குளிருமா?”

“குளிரும் மாமா. உள்ள போறப்ப சிப்பாய்ங்கள போட்டோ எடுக்கக் கூடாது. டிரோன் கூடாது. அவங்க கேக்காம நீங்களா எதுவும் பேசக் கூடாது.”

“நா எதுக்குப் பேசறேன்? எனக்கு அவன் பாஷ தெரியுமா, அவனுக்கு என் பாஷ தெரியுமா?”

மாமா காப்பார் கோயிலில் நிர்வாகக் குழுத் தலைவராகவும் இருந்தார். அவருடைய லோரி எதுவும் காலையில் தேங்காய் உடைக்காமல் கிளம்பாது. டயருக்கு அடியில் எலுமிச்சம்பழம், முன்னால் சூடம், சுற்றிக் காட்டி, ஓங்கி ஓர் அடி. கிள்ளான் பள்ளத்தாக்கில் எங்கள் ஆட்கள் வண்டி எடுக்கும் எந்த இடத்திலும் இதைப் பார்க்கலாம். புதிய வண்டி என்றால் விடவே மாட்டார்கள். யாத்திரைப் பேருந்துகளில் இது வழக்கமான காரியம் என்பதால் எங்கள் அலுவலகத்தில் அதற்கென்று ஒரு மூட்டைத் தேங்காயே இருக்கும்.

மாமா வீட்டு மரத்துத் தேங்காய்களை நார் உரித்து, குடுமி மட்டும் விட்டு, துண்டில் சுற்றிப் பெட்டிக்குள் வைத்திருக்கிறார். விமானத்தில் சூடம் கொண்டுபோகக் கூடாது. அதை மைலோ டின்னில் மைலோ தூளுக்கு நடுவே புதைத்துக் கொண்டுபோயிருக்கிறார். இதெல்லாம் பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது. அங்கே, துண்டுக்குள் போகுமுன் தங்கிய முதல் நாட்டில், ஓட்டலுக்கு வெளியே பேருந்து கிளம்பும்போது ஒன்றை உடைத்தாராம். டிரைவருக்கு ஒரே குஷி. காணொளி எடுத்து மனைவிக்கு அனுப்பினானாம். தேங்காய்ச் சில்லைக் கடித்துப் பார்த்து, இன்னும் கொஞ்சம் கேட்டானாம். எங்கள் டூர் லீடர் அண்ணனும் அதை வாட்ஸ்அப் குழுவில் போட்டிருந்தார். நானும் பார்த்தேன். சிரிக்கும் முகம் ஒன்றை அனுப்பினேன்.

எல்லை என்பது ஓர் ஆற்றுப் பாலம். இந்தப் பக்கத்துப் பேருந்து அந்தப் பக்கம் போக முடியாது. இறங்கி, பாலத்தை நடந்து கடந்து, அந்தப் பக்கம் நிற்கும் வேறு பேருந்தில் ஏற வேண்டும். வழிகாட்டிப் பெண் அங்கே காத்திருந்தாள். எல்லாருடைய பாஸ்போர்ட்டுகளையும் வாங்கிக்கொண்டு காவல் சாவடி ஜன்னலில் நின்றாள். குழு பேருந்தருகே நின்றது. பழைய பேருந்து. ஆனால் மாமாவுக்குப் புதிய வண்டி.

அலுவலகத்தில் மத்தியானச் சாப்பாட்டு நேரம் முடிந்திருந்தது. டூர் லீடர் அண்ணன் பாலத்தருகிலிருந்து போனில் கூப்பிட்டார்.

“தங்கச்சி, பாஸ் இருக்காரா? மாமாவ புடிச்சிட்டாங்க.”

“யாரு புடிச்சா? என்னண்ணே ஆச்சு?”

“தேங்கா ஒடைச்சாரு லா. சாவடிகிட்டயே. எங்க ஆளுங்க யாரும் கவனிக்கல. எலுமிச்சம்பழத்த டயருக்கு வெச்சாரு, குனிஞ்சி சூடத்த கொளுத்துனாரு, துண்டுலேருந்து தேங்காய எடுத்து ஓங்கிப் போட்டாரு. அவ்ளோதான். சிப்பாய்ங்க எல்லாரும் தரையில படுத்துட்டானுங்க. அப்புறம் எழுந்திரிச்சானுங்க பாரு…”

மற்றவர்கள் சொன்னதை வைத்துத்தான் எனக்கு முழுதும் தெரியும். ஒரு மனிதர் குனிந்து சக்கரங்களுக்கு அடியில் எதையோ வைக்கிறார். சாலையில் நெருப்பு மூட்டுகிறார். துணியில் சுற்றிய உருண்டையான ஒன்றை எடுத்துத் தலைக்குமேல் தூக்கி எறிகிறார். வெடிச் சத்தம். அந்தப் பாலத்தில் சண்டை நடந்த காலத்தில் செத்தவர்களின் பிள்ளைகள்தான் இப்போது அங்கே காவலுக்கு நிற்கிறார்கள். அந்த ஊரில் கல்யாணத்துக்குக்கூடப் பட்டாசு வெடிப்பதில்லை.

மாமாவைக் குப்புறத் தள்ளி, துப்பாக்கிக் கட்டையால் அடித்து, கையைப் பின்னால் கட்டி இழுத்துப் போனார்கள். வழிகாட்டிப் பெண் ஓடிவந்து குறுக்கே நின்று கத்தியிருக்கிறாள். அவளையும் பிடித்துக்கொண்டார்கள். மற்றவர்களை ஓர் அறையில் உட்காரவைத்துக் கைப்பேசிகளைப் பிடுங்கிப் பார்த்துவிட்டு, பாலத்தின் வழியே திருப்பி அனுப்பினார்கள்.

முதலாளி முதலில் சொன்னது, “வெளிய யாருக்கும் சொல்லாத.” இரண்டாவதாகச் சொன்னது, “இன்சூரன்ஸ் பாரு.” பார்த்தேன். அந்தத் துண்டில் நடக்கும் எதற்கும் காப்பீடு இல்லை.

அத்தை பாலத்தைவிட்டு நகர மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டார். இந்தப் பக்கத்து முனையில் ஒரு கடைக்காரர் பிளாஸ்டிக் நாற்காலி கொடுத்தாராம். மற்றவர்களை அனுப்பிவிட்டு டூர் லீடர் அண்ணன் அவருக்குத் துணையாக இருந்தார். கடைக்குப் பின்னால் ஓர் அறையில் இருவருக்கும் படுக்க இடம் கிடைத்தது. நான் அத்தையிடம் தினமும் பேசினேன்.

“அத்த, சாப்டீங்களா?”

“ரொட்டி குடுத்தாங்க. கல்லு மாரி இருக்கு. இங்கேருந்து பாத்தா அந்த வீடு தெரியுது புள்ள. மொளகாய்ப் பொடி கலர்ல கூர. அதுக்குள்ளதான் மாமாவ வெச்சிருக்காங்களாம். நாலு எட்டு வெச்சா போயிறலாம். விடமாட்றாங்க.”

“நா இங்க ஆள் பாத்துட்டு இருக்கேன் அத்த.”

“பாரு புள்ள. ஒன்னத்தான் நம்பியிருக்கேன். ஒங்க பாஸ் போன எடுக்கல.”

அரசு அலுவலகத்தில் ஒரு பெண் அதிகாரி பொறுமையாகக் கேட்டார். தண்ணீர் கொடுத்தார். அவர் மேல் எனக்கு வருத்தம் இல்லை. “அந்த இடத்தோட நமக்கு உறவு கிடையாது மா. அங்க இருக்கிற ஆபீஸுக்கு நாங்க கடிதம் எழுதினா, அந்த ஆபீஸ் இருக்குன்னு நாங்களே ஒத்துக்கிட்ட மாதிரி ஆயிடும். பக்கத்து நாட்டுக்குத்தான் எழுத முடியும். எழுதிட்டோம்” என்றார். பக்கத்து நாடு, அந்தத் துண்டு தன்னுடையது, ஆனால் தன் கையில் இல்லை, அங்கே நுழையாதீர்கள் என்றுதான் எச்சரித்திருந்தோம் என்று பதில் சொன்னது. அதுவும் உண்மைதான். இரண்டு பக்கமும் நியாயமாகப் பேசினார்கள். நடுவில் மாமா கட்டப்பட்டுக் கிடந்தார்.

ரயிலில் கிள்ளானுக்குத் திரும்பும்போது எனக்குக் கோபம் வரவில்லை. பயம் வந்தது. ஒரு மனிதரைப் பற்றி எழுதக்கூட முடியாத இடம் என்று ஒன்று இருக்கிறது, அங்கே என் விளம்பரத்தைப் படித்துவிட்டு ஒருவர் போயிருக்கிறார்.

மறுநாள் வழிகாட்டிப் பெண்ணிடமிருந்து செய்தி வந்தது. அவளை வீட்டுக்கு விட்டிருந்தார்கள், ஆனால் தினமும் போய்க் கையெழுத்துப் போட வேண்டும். ‘அவர் உயிரோடு இருக்கிறார். காது ஒன்றில் ரத்தம். அவர் தேங்காய் உடைத்தது சமிக்ஞை என்கிறார்கள். யாருக்கு, எதற்கு என்று கேட்கிறார்கள். பிரார்த்தனை என்று நான் சொன்னேன். தேங்காயை உடைப்பது என்ன பிரார்த்தனை என்கிறார்கள். எனக்குத் தெரியவில்லை. உன்னால் காட்ட முடியுமா? யாராவது அதிகாரபூர்வமாக எழுத முடியுமா?’

அரசாங்கம் எழுதாது என்று பதில் எழுதினேன். அப்போதுதான் தோன்றியது. அரசாங்கம் எழுதினால்தானே அங்கீகாரம்? காப்பார் கோயில் எழுதினால்?

கோயில் செயலாளர் அண்ணன் கிள்ளான் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுபவர். முதலில் பயந்தார். “நம்ம லெட்டர்ஹெட்ல வெளிநாட்டுக்கு எழுதுறதா? அதுவும் தலைவர் பேர்ல கேஸ் இருக்கிற நாட்டுக்கு? நாள பின்ன கோயிலுக்கு எதும் வந்துச்சின்னா?”

“அண்ணே, எந்த நாட்டோடயும் கோயிலுக்கு ஒப்பந்தம் இல்ல. யாருக்கு வேணும்னாலும் எழுதலாம்.”

“என்னான்னு போடுவே மேல?”

“மாண்புமிகு வெளியுறவு அமைச்சர், இன்ன குடியரசுன்னு முழுசா போடுவேன்.”

“குடியரசா? அதான் இல்லங்கிறாங்களே?”

“நமக்கு இருக்குண்ணே. மாமா அதுக்குள்ளதான இருக்காரு.”

அவர் உள்ளே போய்க் கோயில் முத்திரையை எடுத்துவந்தார்.

கடிதத்தை நானே எழுதினேன். மேல்வரியில் அந்தக் குடியரசின் பெயரை முழுசாக, எந்தக் குறியும் இல்லாமல். இவர் எங்கள் கோயில் தலைவர். வண்டி கிளம்பும்போது தடை விலக வேண்டும் என்று தேங்காய் உடைப்பது எங்கள் வழக்கம். உங்கள் மண்ணில் உங்கள் வண்டி பத்திரமாகப் போய்வர வேண்டும் என்று செய்தார். உங்கள் மக்கள் பட்டதை அறியாமல் செய்துவிட்டார். மன்னிக்க வேண்டும். வாழ்க்கையில் நான் எழுதியதில் அதுதான் நல்ல ஆங்கிலம்.

பிறகு மாமாவின் லோரிப் பட்டறைக்குப் போனேன். செய்தி கேள்விப்பட்ட நாளிலிருந்து லோரிகள் நின்றிருந்தன. அப்பாதான் தேங்காய் உடைத்தார். நான் கைப்பேசியில் படம் பிடித்தேன். எலுமிச்சம்பழத்தை ஒவ்வொன்றாக லென்ஸுக்குக் காட்டிவிட்டு டயருக்கு அடியில் வைத்தார். சூடம் காட்டினார். உடைத்தார். சிதறிய சில்லுகளில் ஒன்றை எடுத்து வாயில் போட்டு மென்றார், இது தின்னும் பொருள் என்று காட்ட. டிரைவர் லோரியை நகர்த்தினான், பழங்கள் நசுங்கின. அப்பா படம் எடுப்பதற்கு என்று சட்டை மாற்றியிருந்தார். கையெடுத்துக் கும்பிட்டு, “மொதலாளிய விட்ருங்கய்யா” என்றார். அதை நான் சொல்லச் சொல்லவில்லை. வெட்டி எடுக்கவும் இல்லை.

கடிதமும் படமும் அவள் மூலமாகப் போயின. அவள் கடிதத்தைத் தங்கள் மொழியில் பெயர்த்து, தானே நேரில் எடுத்துப்போனாள். போகக் கூடாது என்று அவளுடைய வீட்டில் தடுத்தார்களாம். அமைச்சகத்தில் ஒருவர் மேல்வரியை இரண்டு தடவை படித்தாராம். இந்தக் கோயில் எந்த நாட்டில் இருக்கிறது என்று கேட்டாராம். காணொளியை ஒரு அறை நிறைய ஆட்கள் பார்த்தார்களாம். அப்பா தேங்காயை மென்றபோது யாரோ சிரித்தாராம். சிரிப்புக் கேட்டதும்தான் தனக்கு மூச்சு வந்தது என்று எழுதினாள்.

மாமாவை விட்டார்கள். பாலத்தின் நடுவில் அவர் தனியாக நடந்துவருவதை டூர் லீடர் அண்ணன் படம் எடுத்திருந்தார். அத்தை ஓடுகிறார். மாமா நிற்கிறார். கட்டிப்பிடிக்கக் கையைத் தூக்க அவரால் முடியவில்லை.

அவர் ஊர் திரும்பிய அன்று காப்பாரில் பாதிப் பேர் அவர் வீட்டில் இருந்தார்கள். மாமா நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். வலது காது கேட்பதில்லை. பேசுபவர்களின் வாயையே பார்த்தார். என்னைப் பார்த்ததும் எழுந்து நிற்க முயன்றார். எனக்கு அது பிடிக்கவில்லை. “ஒக்காருங்க மாமா” என்றேன். அவருக்குக் கேட்கவில்லை. இப்போது கோயிலில் விசேஷம் என்றால் தேங்காய் உடைப்பதற்கு முன்னால் அத்தை அவரை வெளியே கூட்டிப்போய்விடுகிறார். தலைவர் பதவியை விட்டுவிட்டார். லோரிகள் தேங்காய் இல்லாமலே கிளம்புகின்றன. அப்பாவுக்கு அது பொறுக்கவில்லை.

எல்லாரும் முடிந்துவிட்டது என்றார்கள். முடியவில்லை. வழிகாட்டிப் பெண்ணின் உரிமத்தை நிறுத்திவைத்துவிட்டார்கள். சாவடியில் சிப்பாய்களுக்குக் குறுக்கே நின்றது ஒரு குற்றம். அந்நியர்களைச் சரியாகச் சோதிக்காமல் அழைத்துவந்தது இன்னொன்று. விசாரணை நடக்கும். உரிமம் போனால் அவளுக்கு வேறு வேலை இல்லை. அதைவிட, வெளியிலிருந்து யாரும் அவளைத் தேடி வரமாட்டார்கள். அவளாலும் எங்கும் போக முடியாது. சிறைத் தண்டனையும் வரலாம் என்று அவளுடைய வக்கீல் சொன்னாராம். குழுவை அனுப்பிய நிறுவனத்திலிருந்து ஒருவர் நேரில் வந்து, அந்த மனிதர் செய்யப்போவது அவளுக்குத் தெரியாது என்று சொன்னால் உதவும். காணொளியில் சொன்னால் ஏற்கமாட்டார்கள்.

முதலாளியிடம் போனேன். அவர் நல்ல உற்சாகத்தில் இருந்தார். செய்தி எப்படியோ வெளியே பரவி, போன் விடாமல் அடித்துக்கொண்டிருந்தது. ஒருவர் கூப்பிட்டபோது நானே எடுத்தேன். “அலோ, அந்த தேங்கா ஒடைச்ச எடத்துக்குப் போவுமா பஸ்?”

“வேற கைடு புடிச்சாச்சி. நீ புது போஸ்டர் எழுது. ‘திக் திக் பயணம்’னு போடு. இந்தத் தடவ நீயே டூர் லீடரா போ. ஒனக்கு ஆசதான?” என்றார் முதலாளி.

ஆசைதான். டிப்ளமோ முடித்த வருடம் எடுத்த பாஸ்போர்ட்டில் ஒரு முத்திரைகூட இல்லை. நாடுகளை விற்கிற நான் எந்த நாட்டுக்கும் போனதில்லை.

“அந்தப் பொண்ணோட விசாரணைக்கு யாரு போறது பாஸ்?”

“அதுக்கு நாம ஏன் போவணும்? அது அவங்க நாட்டுப் பிரச்ன லா.”

“நாடுன்னு சொல்லிட்டீங்க.”

அவர் சிரித்தார். கெட்டவர் இல்லை. “நீ கெட்டிக்காரி. ஆனா இதுல தல குடுக்காத. ஒரு மாமாவ வெளிய எடுக்கவே நாக்கு தள்ளிருச்சி. ஒன்ன புடிச்சா யாரு எழுதுவா?”

போஸ்டர் எழுத மாட்டேன் என்றேன். லீவு கேட்டேன். கொடுக்க மாட்டேன் என்றார். அப்படியானால் வேலையை விடுகிறேன் என்று தட்டச்சு செய்து அவர் மேசையில் வைத்தேன். படித்துப் பார்த்துவிட்டு, “இதயும் நல்லாத்தான் எழுதிருக்கே” என்றார்.

வீட்டில் அப்பா கத்தினார். படித்த பிள்ளை வேலையை விடுவதா, ஒருவர் போய் அடிபட்டு வந்தது போதாதா என்று. அம்மா வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

“அந்தப் புள்ள இங்க வர முடியாதா?” என்றார்.

“முடியாதும்மா. அவ பாஸ்போர்ட்ட யாரும் ஒத்துக்கமாட்டாங்க.”

“பாவம்” என்றார். “குளிருமாமே. சொட்டர் இருக்கா ஒங்கிட்ட?”

அப்பா அதற்குமேல் கத்தவில்லை.

செவ்வாய்க்கிழமை விமானத்துக்கு டிக்கெட் எடுத்துவிட்டேன். அந்தக் குடியரசின் அமைச்சகத்திலிருந்து நுழைவு அனுமதி நேற்று வந்தது. விசாரணையில் பேசப்போகிறவர்களின் பெயர்களோடு என் பெயரையும் அவளுடைய வக்கீல் பதிந்துவிட்டார்.